எனக்குத் தெரிந்த ஐந்தாம் நம்பர்

தடதடதடவென்று தலைக்கு மேலே பலகை அதிரும். அந்தச் சத்தம்தான் எனக்கு முதலில் நினைவுக்கு வருகிறது. ஆயிரம் பேர் செருப்புக் காலோடு மரக் கேலரியில் எழுந்து குதிக்கிற சத்தம். அதற்கு அடியில் ஓர் அறையில் நான் பவுடர் போட்டுக்கொண்டு உட்கார்ந்திருப்பேன். மேலே கோல் விழுந்தால் கீழே என் கொண்டையில் வேர்க்கடலைத் தோல் விழும்.

என் குரலை எங்கேயோ கேட்ட மாதிரி இருக்கிறது என்றீர்களே, அங்கேதான் கேட்டிருப்பீர்கள். அப்போது நீங்கள் பாவாடை கட்டிய வயசாக இருந்திருக்கும். கண்ணைத் திறக்காதீர்கள். சொட்டு மருந்து போட்டிருக்கிறது, திறந்தால் அந்த நர்ஸ் பெண் வந்து அதட்டுவாள். நானும் மூடிக்கொண்டுதான் பேசுகிறேன். உங்கள் முகம் எனக்குத் தெரியாது, என் முகம் உங்களுக்குத் தெரியாது. ஒரு காலத்தில் ஊரே பார்த்த முகம், அம்மா. இப்போது ஆதார் அட்டைக்காரனே இரண்டு தடவை உற்றுப் பார்க்கிறான்.

ஃபுட்பால். ஆமாம், ஃபுட்பால்தான். சிரியுங்கள், பரவாயில்லை. தமிழ் எம்.ஏ. படித்துப் பெண்கள் கல்லூரியில் யாப்பிலக்கணம் நடத்திய ஒருத்தி ஃபுட்பாலில் என்ன செய்தாள்? இடைவேளையில் பேசினாள்.

எழுபத்தொன்பதாம் வருஷம், ஆறு ஞாயிற்றுக்கிழமை. கம்பெனி அணிகளுக்குள் ஒரு கோப்பைப் போட்டி, அதை டி.வி.யில் நேரடியாகக் காட்டினார்கள். ஊரில் டி.வி.யே தெருவுக்கு ஒன்றோ இரண்டோ. மூன்று காமிரா வைத்திருந்தார்கள், அதில் ஒன்று எப்போதும் ரிப்பேர். ஆட்டம் நடக்கும்போது ஒருவர் மேலே உட்கார்ந்து வர்ணனை சொல்லிவிடுவார். இடைவேளை பத்து நிமிஷம் என்ன செய்வது? ஆட்டக்காரர்கள் எலுமிச்சம்பழம் சப்புவதை எவ்வளவு நேரம் காட்ட முடியும்? யாராவது பேச வேண்டும். கவியரங்கத்தில் வாயைத் திறந்தால் மூடமாட்டாள் என்று யாரோ புண்ணியவான் என் பெயரைக் கொடுத்துவிட்டார்.

என் பெயர் மங்கையர்க்கரசி. திரையில் போட்டால் இரண்டு வரி ஆகிறது என்று 'மங்கை' என்று நறுக்கிவிட்டார்கள். ஜனங்கள் அதையும் விட்டுவிட்டு 'ஆஃப்டைம் அக்கா' என்றார்கள். மார்க்கெட்டில் கத்தரிக்காய்க்காரி கூப்பிடுவாள், "ஆஃப்டைமு, இந்தப் பக்கம் வா, பிஞ்சா இருக்கு."

அந்த அறை இருக்கிறதே, அது வலையும் கொடியும் சுண்ணாம்பு மூட்டையும் போட்டுவைக்கிற அறை. மூலையில் ஒரு மேஜை, ஒரு காமிரா, ஒரு மானிட்டர். மானிட்டரில் படம் மட்டும் வரும், சத்தம் கிடையாது. சத்தம் வைத்தால் என் மைக்கில் எதிரொலிக்குமாம். ஆக, மைதானத்திலிருந்து இருபது அடியில் உட்கார்ந்துகொண்டு ஆட்டத்தை ஊமை டி.வி.யில் பார்த்த ஒரே பிறவி நான்தான். வெளியே போய் ஒரு நாள்கூடப் பார்த்ததில்லை. வெயில், தூசி, வாய்க்கு வந்தபடி கெட்ட வார்த்தை. எனக்கு எதற்கு?

என் தலைக்கு மேலே கேலரியில் டயர் கம்பெனி ஆட்கள். அந்தப் பக்கத்து கேட் வழியாக லாரியில் வந்து இறங்குவார்கள். மற்ற கம்பெனிக்காரர்கள் எல்லாம் எதிர்ப்பக்கம்.

புடவை விஷயத்தைச் சொல்ல மறந்துவிட்டேன். அதுதான் முக்கியம். வெள்ளை கூடாது, கண் கூசும். கட்டம் கூடாது, திரையில் நெளியும். நான் என்ன நிறம் கட்டினாலும் பார்க்கிறவர்களுக்குச் சாம்பல். முதல் வாரமே நூற்று எழுபது கடிதம். ஃபுட்பாலைப் பற்றி நாலு, என்னைக் கட்டிக்கொள்வதாகப் பதினொன்று, மீதி அத்தனையும் 'அக்கா கட்டியிருந்த புடவை என்ன கலர்?' அதிலிருந்து வாராவாரம் முதல் வேலையாக அதைச் சொல்லிவிடுவேன். "வணக்கம் நேயர்களே. இன்று நான் உடுத்தியிருப்பது மயில்கழுத்து நிறம்." எத்தனை வீட்டில் அதற்காகவே டி.வி. போட்டார்கள் தெரியுமா? முடிக்கும்போது நாலு வரி கவிதை, நானே எழுதியது. அதற்காகவும் போட்டார்கள்.

அப்பேர்ப்பட்டவளை அடுத்த வருஷம் கூப்பிடவில்லை. பறவை மாதிரி கத்திக் காட்டுகிற ஒருவனைப் போட்டார்கள். அதுதான் என் வழக்கு. நாற்பத்தைந்து வருஷமாக விசாரணைக்கே வராத வழக்கு.

"பாட்டி, பேசாம கண்ணை மூடி உக்காருங்க. சொட்டு வெளிய வருது."

கேட்டீர்களா? பாட்டியாம். கண்ணுக்குத்தானே மருந்து, வாய்க்கு என்ன? போய்விட்டாளா? சரி.

ஐந்தாவது ஞாயிறு. ஆட்டம் தொடங்க அரைமணி இருக்கிறது. கதவில் குனிந்து ஒருவன் உள்ளே வந்தான். பனைமரம் மாதிரி உயரம், கையில் பூட்ஸ், வெறுங்கால். இருபத்து நாலு வயசு இருக்கும்.

"அக்கா, டி.வி.ல பாக்கிறதுக்கு நேர்ல கலரா இருக்கீங்கக்கா."

"யாரப்பா நீ?"

"இன்னாசிக்கா. ராயபுரம். டயர் கம்பெனி டீமு, அஞ்சாம் நம்பரு. ஒரு உதவி கேக்கலாம்னு..."

அவன்தான் எனக்கு அந்தப் பிழைப்பைப் பற்றிச் சொன்னான். ஃபுட்பால் ஆடிச் சாப்பிடுவது என்றால் அப்போது கம்பெனிக்கு ஆடுவது. கம்பெனி ஒரு வேலை தரும், முதலில் டெம்பரவரி. நிரந்தரம் ஆகிவிட்டால் பிறகு கால் போனாலும் சோறு போகாது. ஆகாவிட்டால் கால் இருக்கிற வரைக்கும்தான்.

"எங்க டீம்ல மூணு பேரு டெம்பரவரிக்கா. ஒருத்தனைத்தான் பர்மனென்ட் பண்ணப் போறாங்க. ஃபைனல் முடிஞ்ச மறுநாள் ஆபீசர் கையெழுத்து. அவரு கிரவுண்டுக்கு வரமாட்டாரு. வீட்லயும் மேட்ச் பாக்க மாட்டாங்க, ஆபீசர் சம்சாரத்துக்கு ஃபுட்பால்னா ஆவாது. ஆனா ஆஃப்டைம் ஆனா வீடே டி.வி. முன்னாடி குந்திக்கும். உங்க பொடவை கலரு கேக்கணுமே! அப்பால கடைசியில கவிதை சொல்வீங்களே, அதுக்கும் ஆபீசர் வந்துருவாரு."

"கவிதைக்காகவா?" என்றேன்.

"கவிதைக்கா, அதுக்கப்புறம் வர்ற நியூசுக்கான்னு தெரியலக்கா."

உண்மை பேசுகிற ஜென்மம். எனக்குக் கோபம் வரவில்லை. சிரிப்பு வந்தது.

"ஒரே ஒரு தபா, டயர் டீம் அஞ்சாம் நம்பர் இன்னாசின்னு என் பேரைச் சொல்லிடுங்க. போதும்."

"நன்றாக ஆடு தம்பி, சொல்கிறேன்."

"நல்லா ஆடுனா எல்லாரும் சொல்வாங்கக்கா. நீங்க சொன்னாத்தான் அந்த வீட்ல கேக்கும்."

சொல்கிறேன் என்று வாக்குக் கொடுத்தேன். அன்றைக்கே சொல்லியிருக்கலாம். அன்று கவிதை கொஞ்சம் நீளம், அவன் பெயருக்கு இடம் இல்லை. ஃபைனலில் சொல்லிக்கொள்ளலாம் என்று விட்டுவிட்டேன்.

ஃபைனலுக்கு டயர் கம்பெனியும் ஒரு மில் அணியும். டயர் சிவப்பு, மில் பச்சை. கருப்பு வெள்ளை டி.வி.யில் அந்தச் சிவப்பும் அந்தப் பச்சையும் ஒரே சாம்பல். மானிட்டரில் பார்த்தால் இருபத்திரண்டு பேரும் ஒரே கட்சி. ஒரே கட்சிக்காரர்கள் ஏன் இப்படி உதைத்துக்கொள்கிறார்கள் என்று இருந்தது. எங்கள் ஃப்ளோர் மானேஜர் பசுபதி, சதா வேர்க்கடலை மெல்லுகிற மனிதர், ஓடிப்போய்ப் போட்டி நடத்துகிறவர்களிடம் ஒரு அணிக்கு வெள்ளைச் சட்டை போடச் சொல்லிக் கெஞ்சினார்.

"ராசியான சட்டையை டி.வி.க்காகக் கழட்டச் சொல்றியா? இங்க வந்து பாக்கிறவன் டிக்கெட் வாங்கியிருக்கான். டி.வி.ல பாக்கிறவன் என்னய்யா வாங்கியிருக்கான்?"

"டி.வி. வாங்கியிருக்கான்" என்றாராம் பசுபதி. சட்டை மாறவில்லை.

நாற்பத்தைந்தாவது நிமிஷம், இடைவேளை விசிலுக்குக் கொஞ்சம் முன்னால். மானிட்டரில் ஒரு சாம்பல் ஓடிவந்து உதைத்தது. சாம்பல் கும்பலுக்குள் பந்து மறைந்தது. பிறகு வலைக்குள் கிடந்தது. முதுகில் ஐந்து போட்ட ஒருவன் தலையில் கைவைத்துக்கொண்டு நின்றான். மேலே பலகை தடதடவென்று அதிர்ந்து என் புடவையெல்லாம் மண். ஆறு கஜம் அரக்குப் பட்டு, அம்மா! உதறிக்கொண்டிருக்கும்போதே பசுபதி ஒரு சீட்டோடு ஓடிவந்தார். வர்ணனைக்காரர் மேலேயிருந்து எழுதி அனுப்புகிற சீட்டு, வாராவாரம் வருவதுதான். 'ஒன்று – பூஜ்யம். சுய கோல். நம்பர் 5.' அவ்வளவுதான் இருந்தது.

"எந்த அணி ஐந்து, பசுபதி?"

"எழுதலையா? அட கடவுளே. மேல ஏறிப் போய்க் கேட்டுட்டு வர நேரம் இல்ல மேடம். இருபது செகண்டு."

"மில்லா, டயரா?"

"எனக்கும் சாம்பலாத்தான் மேடம் தெரிஞ்சுது. பத்து. ஒம்போது..."

எனக்குத் தெரிந்த ஐந்தாம் நம்பர் உலகத்திலேயே ஒருவன்தான். அவன் பெயர் ஒரு வாரமாக என் நாக்கு நுனியில் இருந்தது. சிவப்பு விளக்கு எரிந்தது.

"வணக்கம் நேயர்களே. இன்று நான் உடுத்தியிருப்பது அரக்கு நிறம், மாம்பழ மஞ்சள் கரை. ஆட்டத்தில் மில் அணி ஒன்று, டயர் அணி பூஜ்யம். டயர் அணியின் ஐந்தாம் நம்பர் இன்னாசி, பந்தைத் தன் கோலுக்குள் தானே செலுத்திவிட்டார். தன் வீட்டு விளக்கைத் தானே ஊதி அணைத்த அந்த வீரரின் நெஞ்சம் இப்போது என்ன பாடுபடும்!"

அழகாக வந்தது. ஒப்புக்கொள்ள வேண்டும், வாக்கியம் அழகாகத்தான் வந்தது. 'நெஞ்சம்' என்ற இடத்தில் குரலைக் கொஞ்சம் இறக்கினேன்.

இரண்டாம் பாதி தொடங்கிப் பத்து நிமிஷம் இருக்கும். பசுபதி வந்தார், வாயில் கடலை இல்லை.

"மேடம், டி.வி. நிலையத்துல போன் விடாம அடிக்குதாம்."

"புடவைதானே? எந்தக் கடை என்று நான் சொல்லக் கூடாது, விளம்பரம் ஆகிவிடும்."

"பொடவை இல்ல மேடம். கோலு டயர் கம்பெனியோடது. அந்த இன்னாசி முப்பது கஜத்துல இருந்து ஒரு ஃப்ரீகிக் அடிச்சிருக்கான். மில்லு அஞ்சாம் நம்பர் தோள்ல பட்டு உள்ள போயிருக்கு. நீங்க அப்படியே தலைகீழா சொல்லிட்டீங்க."

யாருக்கும் ஏற்படுகிற பிழைதான். நான் சொல்வது நியாயம்தானே? மானிட்டர் சாம்பல், சீட்டு அரைகுறை. இதில் என் பங்கு என்ன?

அப்புறம் மில் அணி இரண்டு கோல் போட்டு ஜெயித்துவிட்டது. இரண்டுக்கு ஒன்று. மறுநாள் பேப்பரிலும் அவ்வளவுதான் வரும். அந்த ஆபீசர் வீட்டுக் கணக்குக்கு அது எவ்வளவு பொருத்தம் பாருங்கள். மில்லுக்கு இன்னாசி ஒன்று போட்டுக் கொடுத்தான், அவர்கள் ஒன்று போட்டார்கள், ஆக இரண்டு; டயருக்கு வேறு யாரோ ஒன்று.

கோப்பை கொடுத்து முடிந்ததும் கடைசியில் எனக்கு நாற்பது வினாடி. அதற்குப் பிறகு செய்தி. செய்தி யாருக்கும் காத்திருக்காது. பசுபதி என் மேஜைக்கு எதிரே குத்துக்காலிட்டு உட்கார்ந்தார்.

"மேடம், தப்பைத் திருத்தினா கவிதை இல்ல. கவிதை சொன்னா திருத்தம் இல்ல. ரெண்டுக்கும் நேரம் கிடையாது. நீங்களே பாத்துக்குங்க."

நீங்களாக இருந்தால் என்ன செய்வீர்கள்? சொல்லாதீர்கள், எனக்குத் தெரியும். ஆனால் ஒன்றை யோசியுங்கள். பிழையை எப்போது வேண்டுமானாலும் திருத்தலாம். கடிதம் எழுதலாம், நேரில் போய்ச் சொல்லலாம். கவிதை அந்த மாலைக்கென்று எழுதியது. ஐந்து நாள் எழுதினேன். ஒரு வார இதழின் ஆசிரியர் அன்று பார்ப்பதாகச் சொல்லியிருந்தார். விளக்கு எரிந்தது. ஆட்ட முடிவைச் சொன்னேன். கவிதையைச் சொன்னேன். வணக்கம் சொன்னேன். முப்பத்தொன்பது வினாடி. பசுபதி எழுந்து போய்விட்டார்.

நான் பையை எடுத்துக்கொண்டு கிளம்பும்போது இன்னாசி வாசலில் நிற்கிறான். கால் முழுக்கச் சேறு. கேலரியில் யாராவது டி.வி. வைத்துக்கொண்டா பார்க்கிறார்கள்? அவனுக்கு எப்படித் தெரிந்தது? கேட் பக்கத்து டீக்கடையில் டி.வி. இருந்ததாம். முழுக்கடையும் கேட்டிருக்கிறது, ஆட்டம் முடிந்து டீ குடிக்கப் போனவனிடம் சொல்லிவிட்டார்கள்.

"அக்கா. என் பேரைச் சொல்லச் சொன்னேன். சொல்லிட்டீங்க."

"தம்பி, அது ஒரு சின்னக் குழப்பம். சட்டை நிறம் தெரியவில்லை."

"அதான் கடைசியில திருத்திச் சொல்வீங்கன்னு டீக்கடைலயே நின்னேன்க்கா. கவிதை வந்துச்சு." கொஞ்ச நேரம் என் புடவைக் கரையையே பார்த்தான். "உங்க பொடவை கலரைச் சொன்னீங்களேக்கா. எங்க சட்டை கலரைக் கேட்டுச் சொல்லியிருக்கக் கூடாதா?"

எப்படிப் பேசுகிறான் பாருங்கள்! எனக்கு முகம் சிவந்துவிட்டது. ஆபீசருக்குக் கடிதம் எழுதுகிறேன் என்றேன். "நாளைக்குக் கையெழுத்துக்கா" என்றான். நாளைக்கே எழுதுகிறேன் என்றேன்.

மறுநாள் விடைத்தாள் திருத்துகிற வேலை இருந்தது. எழுதுவதென்றால் நன்றாக எழுத வேண்டாமா? ஒரு மாதம் ஆகிவிட்டது. நாலு பக்கம். கருப்பு வெள்ளைத் திரையில் நிறங்கள் சாம்பலாவதைப் பற்றியே ஒன்றரைப் பக்கம். இன்னாசியைப் பற்றியும் எழுதினேன், மூன்றாம் பக்கத்தில். பதில் வந்தது. ஆபீசருடைய மனைவி எழுதியிருந்தார். கடிதம் கிடைத்தது, வீட்டில் எல்லோருக்கும் பரம சந்தோஷம், அந்த அரக்குப் புடவை எந்தக் கடையில் வாங்கினீர்கள்?

எழுதினேன். கடைப் பெயரை எழுதிப் போட்டேன். இதில் என்ன குற்றம்?

தூங்கிவிட்டீர்களா? இல்லையா? சரி.

அந்தக் கவிதையா? சொல்கிறேனே.

உருண்டு போவது பந்தல்ல, பகல்;
உதைத்தவர் போனபின் ஓய்ந்தது மாலை;

அப்புறம்... அப்புறம் 'புல்' என்று ஏதோ வரும். இல்லை, 'புல்' இல்லை. மீதி இரண்டு வரி எனக்கு நினைவில்லை அம்மா. கொஞ்ச வருஷமாகவே இல்லை. எழுதிய காகிதமும் இல்லை. அந்த ஆசிரியர் அன்று பார்க்கவில்லையாம், வீட்டில் மின்சாரம் போய்விட்டதாம்.

ஆனால் இன்னாசியைப் பற்றிச் சொன்னேனே, அந்த வாக்கியம் ஒரு எழுத்துப் பிசகாமல் இருக்கிறது.

ஒன்று சொல்கிறேன். கண் மூடியிருக்கும்போதே சொல்லிவிடுகிறேன். யாப்பு நடத்தியவள் நான். ஒரு வரியைக் கேட்டால் துக்கமா சந்தோஷமா என்று அர்த்தம் புரிவதற்கு முன்னால் எனக்குத் தெரியும், ஓசையிலேயே தெரியும். அன்று என் தலைக்கு மேலே அதிர்ந்தது டயர் கம்பெனிப் பலகை. தன் ஆள் தன் கோலுக்குள் போட்டுவிட்டால் எவனாவது எழுந்து குதிப்பானா? எதிர்க் கேலரியில் ஒரு சத்தம் இல்லை. அது எனக்குக் கேட்டது. புடவையை உதறிக்கொண்டே கேட்டேன். விளக்கு எரிவதற்கு முன்னால் பத்து வினாடி இருந்தது. அந்தப் பத்து வினாடியில் நான் 'நெஞ்சம்' என்று போடலாமா 'உள்ளம்' என்று போடலாமா என்று யோசித்துக்கொண்டிருந்தேன்.

"மங்கையர்க்கரசி பாட்டி! உள்ள வாங்க, டாக்டர் கூப்பிடறாங்க."

வருகிறேன் அம்மா, வருகிறேன். கையைக் கொஞ்சம் பிடி, எல்லாம் மங்கலாக இருக்கிறது.

என்ன கேட்டீர்கள்? அவனா? நான் ராயபுரம் பக்கம் இரண்டு தடவை போய் விசாரித்தேன். அவன் இருந்த வீடு வரைக்கும் போனேன், உள்ளே போகவில்லை. வேறு ஒருவனை நிரந்தரம் செய்துவிட்டார்கள். இன்னாசி ஒரு ஐஸ் ஃபேக்டரியில் ஐஸ் பாளம் தூக்கினான். முழங்கால் போன பிறகு அதே ஃபேக்டரி வாசலில் வாட்ச்மேனாக இருந்தான். இரண்டாயிரத்து எட்டில், ஐம்பத்து மூன்று வயதில், இறந்துபோனான்.